குளத்தைச் சுருக்கியது யார்?

கேள்வி:

தம்பி, நான் ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியை. தக்கலைக்குப் பக்கத்தில் இருக்கிறேன். எங்கள் ஊராட்சியில் உள்ள குளங்களையெல்லாம் பட்டியல் எடுத்து, தூர்வாரக் கேட்டு மனு கொடுக்கலாம் என்று 12 பேர் சேர்ந்தோம். எட்டுப் பேர் ஊரில், மூன்று பேர் வளைகுடாவில், ஒரு பையன் பெங்களூரில். வாட்ஸ்அப்பில் குழு இருக்கிறது. ஒருவர் எக்செல் கோப்பு அனுப்புவார், இன்னொருவர் அதைத் திருத்தி அனுப்புவார். இப்போது என் போனில் ஒரே பெயரில் ஒன்பது கோப்புகள் கிடக்கின்றன. எது கடைசி என்று தெரியவில்லை. போதாக்குறைக்கு ஒரு சண்டை. முதல் பட்டியலில் 2.10 என்று இருந்த ஒரு குளத்தின் பரப்பு, அடுத்த பட்டியலில் 0.85 ஆகிவிட்டது. அந்தக் குளத்தங்கரையில் தென்னந்தோப்பு வைத்திருப்பவர், பட்டியலைத் திருத்தியவருக்குச் சம்பந்தி. "குளத்தையே சுருக்கிட்டான்" என்று குழுவில் எழுதிவிட்டு எங்கள் பட்டாளத்துக்காரர் வெளியேறிவிட்டார். இந்த வேலைக்கென்றே தனியாக ஓர் ஆப் செய்து தருகிறேன் என்று ஒருவர் 60,000 ரூபாய் கேட்கிறார். கொடுக்கலாமா?

பதில்:

டீச்சர், ஆப் விஷயம் அப்புறம். முதலில் அந்தக் குளத்தைப் பார்ப்போம்.

ஒரு ஹெக்டேர் என்பது 2.471 ஏக்கர். அதை 0.85 ஆல் பெருக்கிப் பாருங்கள், 2.10 வரும். உங்கள் குளம் ஒரு சென்ட்கூடக் குறையவில்லை என்றே நினைக்கிறேன். முதலில் எழுதியவர் ஊர் வழக்கப்படி ஏக்கரில் எழுதியிருக்கிறார். இரண்டாமவர் கிராமத்தின் 'அ' பதிவேட்டை, அதாவது ஒவ்வொரு சர்வே எண்ணின் விவரமும் இருக்கும் வருவாய்த் துறைக் கணக்கைப் பார்த்து எழுதியிருப்பார். அதில் பரப்பு ஹெக்டேர், ஏர் (ஹெக்டேரில் நூறில் ஒரு பங்கு) கணக்கில்தான் இருக்கும். சர்வே எண் கையில் இருந்தால், அரசின் நில ஆவண இணையதளத்தில் அந்தப் பதிவேட்டை நீங்களே பார்த்துச் சரிபார்த்துக்கொள்ளலாம். ஆக, இருவரும் எழுதியது சரி. தப்பு அந்தக் கட்டத்தின் தலைப்பில் இருக்கிறது. 'பரப்பு' என்று மட்டும் போட்டிருக்கிறீர்கள். 'பரப்பு (ஹெக்டேர்)' என்று இருந்திருந்தால் பட்டாளத்துக்காரர் இன்னும் குழுவில் இருந்திருப்பார்.

இப்படிச் சொல்வதால் மென்பொருளால் பயனில்லை என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். அதை வைத்துத்தான் நான் சோறு தின்கிறேன். பலரைச் சேர்த்து வேலை வாங்குகிற கணினித் திட்டங்களில் 19 வருடம் கழித்தவன் என்ற முறையில் நான் கண்டது ஒன்றுதான்: பேச்சு வேறு, பதிவு வேறு. உங்கள் குழு இரண்டையும் ஒரே குடத்தில் ஊற்றி வைத்திருக்கிறது.

வாட்ஸ்அப் பேசுவதற்கு நல்லது. ஞாயிற்றுக்கிழமை எத்தனை மணிக்கு எந்தக் குளத்துக்குப் போகிறோம், யார் டேப் கொண்டுவருவது, மழை வந்தால் என்ன செய்வது, இதெல்லாம் அங்கேதான் நடக்க வேண்டும். ஆனால் அது ஓடுகிற வாய்க்கால். காலையில் வந்த கோப்பு, மத்தியானம் காலை வணக்கப் படங்களுக்கும் கல்யாண அழைப்பிதழுக்கும் மேலே எங்கோ போய்விடும். பல வாரம் கழித்துத் திறக்கப் போனால் சில சமயம் இறக்கவே முடியாது. எல்லாவற்றையும்விடப் பெரிய சிக்கல், கோப்பை அனுப்பும்போது நீங்கள் கொடுப்பது ஒரு நகல். 12 பேருக்கு அனுப்பினால் 12 நகல். நான்கு பேர் நான்கு இடத்தில் திருத்தினால் நான்கு வெவ்வேறு உண்மைகள். பிறகு அவற்றை ஒன்றாக்குவதற்கு ஒருவர் ராத்திரி உட்கார வேண்டும். அந்த ஒருவர் நீங்கள்தான் என்று உங்கள் கடிதத்தைப் படித்தாலே தெரிகிறது.

பதிவு குளம் மாதிரி ஓர் இடத்தில் நிற்க வேண்டும். வேண்டியவர்கள் அங்கே வந்து மொண்டுகொள்ளட்டும். கூகுள் ஷீட்ஸ் போன்ற இணைய அட்டவணையில் கோப்பு யாரிடமும் பயணம் போவதில்லை. அது ஒரே இடத்தில் இருக்கிறது, எல்லாரும் அதைத் திறந்து பார்க்கிறார்கள். நீங்கள் தக்கலையில் ஓர் எண்ணைத் தட்டினால், முழு அட்டவணையும் அல்ல, 'இந்தக் கட்டத்தில் இந்த மாற்றம்' என்ற சின்னச் சேதி மட்டும் போய் துபாயில் இருப்பவரின் திரையில் அதே கட்டத்தை மாற்றுகிறது. எழுத்து ஆவணத்தில் இருவர் ஒரே வரியில் ஒரே நேரத்தில் கைவைத்தால் என்ன ஆகும்? ஒருவர் நடுவில் ஒரு சொல்லைச் சேர்த்தால் மற்றவரின் திருத்தம் எத்தனை எழுத்து தள்ளிப் போக வேண்டும் என்று கணக்கிட்டு இரண்டையும் பொருத்தும் முறையை எல்லிஸ், கிப்ஸ் என்ற இரண்டு ஆராய்ச்சியாளர்கள் 1989-இலேயே எழுதிவிட்டார்கள். அட்டவணையில் அவ்வளவு நுணுக்கம் இல்லை. ஒரே கட்டத்தில் இருவர் எழுதினால் கடைசியாக வந்து சேர்ந்தது நிற்கும். இது உங்களுக்கு முக்கியம், பிறகு சொல்கிறேன்.

தூரத்தில் இருக்கும் இருவர் ஒரே திரையில் ஒரே ஆவணத்தில் வேலை செய்யலாம் என்பதை டக்ளஸ் எங்கல்பார்ட் என்ற அமெரிக்கப் பொறியாளர் 1968 டிசம்பர் 9 அன்று சான் பிரான்சிஸ்கோவில் மேடையில் செய்தே காட்டினார். கையில் பிடிக்கிற மௌசையும் அன்று அதே மேடையில் காட்டினார். மௌஸ் நம் மேசைக்கு வந்து எவ்வளவோ காலம் ஆயிற்று. கூடி எழுதுவது மட்டும் நமக்கு இன்னும் கைவரவில்லை.

நமக்கு என்று சொன்னது கொஞ்சம் அதிகம். தமிழில் இதை அழகாகச் செய்தவர்கள் இருக்கிறார்கள். 1998 பொங்கலன்று தொடங்கிய மதுரைத் திட்டத்தில் பல நாடுகளில் இருந்த தமிழர்கள் பழைய இலக்கியங்களைத் தட்டச்சு செய்து இணையத்தில் ஏற்றினார்கள். ஒருவர் தட்டச்சு செய்வார், இன்னொருவர் மெய்ப்புப் பார்ப்பார். பெரும்பாலானவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்ததே இல்லை. 2003-இல் தொடங்கிய தமிழ் விக்கிப்பீடியாவில் ஏதாவது ஒரு கட்டுரையைக் கணினியில் திறந்து அதன் மேல்பக்கத்தைப் பாருங்கள். கட்டுரைக்குப் பக்கத்தில் 'உரையாடல்' என்று ஒரு தாவல் இருக்கும். தகராறு, சந்தேகம், 'இந்த ஆண்டு சரியா' என்ற கேள்வி எல்லாம் அங்கே. கட்டுரைக்குள் அவை வராது. இன்னொரு தாவலில் வரலாறு, அதாவது எந்த நாளில் எந்தக் கணக்கிலிருந்து எதை மாற்றினார்கள் என்பது. பேச்சுக்கு ஓர் இடம், பதிவுக்கு ஓர் இடம், மாற்றத்துக்கு ஒரு நாட்குறிப்பு. உங்கள் 12 பேருக்கும் இந்த மூன்றும் போதும்.

சரி, அட்டவணையை ஆரம்பிக்கும்போது முதல் கட்டத்தில் என்ன போடுவது? குளத்தின் பெயர் என்பீர்கள். வேண்டாம். ஏன் என்று சொல்ல என் சொந்தத் தப்பு ஒன்றைச் சொல்ல வேண்டும்.

2017 நவம்பர் 30, ஒக்கிப் புயல். கடலுக்குப் போனவர்கள் திரும்பவில்லை. அந்த வாரம் நானும் சில நண்பர்களும் உட்கார்ந்து, கரையோர ஊர்களிலிருந்து வந்த பெயர்ப் பட்டியல்களை ஒன்றாக்கிக்கொண்டிருந்தோம். கையால் எழுதிய தாளின் படம், ஆங்கிலத்தில் தட்டிய கோப்பு, குரல் சேதி, எல்லா விதத்திலும் வந்தது. நான் வந்ததையெல்லாம் ஒன்றன்கீழ் ஒன்றாக ஒட்டிக்கொண்டே போனேன். கடற்கரை ஊர்களில் ஒரு புனிதரின் பெயர் பத்துப் பேருக்கு இருக்கும். ஒரே ஆளின் பெயரை ஆங்கிலத்தில் மூன்று விதமாக எழுதியிருப்பார்கள். லட்சத்தீவிலும் மகாராஷ்டிரக் கரையிலும் ஒதுங்கியவர்களின் பெயர்கள் வரத் தொடங்கியபோது, எந்த வரியை எடுப்பது என்று எனக்குத் தெரியவில்லை. கரையேறிவிட்ட ஒருவரின் பெயர் இரண்டு நாள் காணாமல் போனவர் பட்டியலில் கிடந்தது, அவர் வீட்டுக்கு யாரோ துக்கம் விசாரிக்கப் போகும் வரைக்கும். படகின் பதிவு எண்ணும் அப்பா பெயரும் முதல் கட்டத்தில் இருந்திருந்தால் அது நடந்திருக்காது. அதைச் செய்ய வேண்டும் என்று எனக்குத் தெரியும். அவசரத்தில் செய்யவில்லை.

குளத்துக்கும் அப்படித்தான். ஒரு குளத்துக்கு மேலக்கரையில் ஒரு பெயர், கீழக்கரையில் வேறு பெயர். 'பெரியகுளம்' உங்கள் ஊராட்சியிலேயே இரண்டு இருக்கக்கூடும். அதனால் உங்கள் பட்டியலுக்கென்று ஒரு வரிசை எண் கொடுங்கள். அதற்கடுத்து வருவாய்க் கிராமத்தின் பெயர், சர்வே எண், உட்பிரிவு. பழைய பத்திரங்களில் பழைய சர்வே எண் இருக்கும், அதற்கும் தனியாக ஒரு கட்டம் வையுங்கள். பெயர்களை அதற்கப்புறம் எழுதுங்கள், எத்தனை பெயர் இருந்தாலும்.

பெயரைப் பற்றி இன்னொன்று. தமிழ்த் தட்டச்சில் கண்ணை ஏமாற்றுகிற சங்கதி உண்டு. 'கொ' என்பதை ஒற்றைக்கொம்பும் துணைக்காலும் சேர்ந்த ஒரே குறியாகவும் தட்டலாம், இரண்டு தனிக் குறிகளாகவும் தட்டலாம். திரையில் ஒன்றுபோலவே தெரியும். தேடும்போது சில மென்பொருள்கள் இரண்டையும் வேறு சொல்லாக நினைத்து 'இல்லை' என்றுவிடும். சிலர் துணைக்காலுக்குப் பதில் 'ர' போட்டுவிடுவார்கள். யூனிகோடு அல்லாத பழைய எழுத்துருவில் தட்டிய கோப்பை இணைய அட்டவணையில் ஒட்டினால் வெறும் குப்பைதான் வரும். எண்ணை அடிப்படையாக வைத்தால் இந்தத் தலைவலி பாதி போய்விடும். மீதிப் பாதிக்கு, பெயரைத் தட்டச்சு செய்யும் வேலையை ஒரே ஒருவரிடம் விடுங்கள்.

மடை எத்தனை, மறுகால் (மிகுநீர் வெளியேறும் வழி) இருக்கிறதா, கரை எப்படி, குளம் யார் பொறுப்பில் இருக்கிறது (நீர்வளத் துறையா, ஊராட்சியா, கோயிலா), எந்த ஏலாவுக்கு (வயல்வெளிக்கு) பாய்கிறது, இந்தக் கட்டங்களையெல்லாம் நீங்களே தீர்மானித்துவிடுவீர்கள். நான் சொல்லாமலே உங்களுக்குத் தெரியும். நிலைமையைக் குறிக்கும் கட்டத்தில் மட்டும் ஆளாளுக்கு எழுத விடாமல், 'நன்று', 'தூர்ந்தது', 'ஆகாயத்தாமரை', 'மடை உடைந்தது' என்று தேர்ந்தெடுக்கிற பட்டியலாக வைத்துவிடுங்கள். அப்போதுதான் மனு எழுதும்போது 'இத்தனை குளத்தில் மடை உடைந்திருக்கிறது' என்று ஒரு நொடியில் எண்ண முடியும்.

இடத்தைக் குறிக்க, போனின் வரைபடத்தில் குளத்தின்மேல் அழுத்திப் பிடித்தால் இரண்டு எண்கள் வரும். அதைப் படியெடுத்து ஒட்டுங்கள். நம் மாவட்டத்தில் எந்தக் குளமானாலும் முதல் எண் 8-இல் தொடங்கும், இரண்டாவது 77-இல் தொடங்கும். வேறு எதுவாவது இருந்தால் அந்தக் குளம் குமரி மாவட்டத்தில் இல்லை, அல்லது எண்களை மாற்றிப் போட்டுவிட்டார்கள். படங்களை வாட்ஸ்அப்பில் சாதாரணமாக அனுப்பினால் அது படத்தைச் சுருக்கிவிடும். எங்கே எடுத்தது என்று படத்துக்குள் இருக்கும் இடக்குறிப்பையும் கழற்றிவிடும். ஆவணமாக அனுப்பினால் அப்படியே போகும். அதைவிட, எல்லாரும் சேர்ந்து பயன்படுத்தும் ஒரு கூகுள் டிரைவ் உறையில் குளத்தின் வரிசை எண்ணையே பெயராக வைத்து நேராக ஏற்றுவது நல்லது. இலவசக் கணக்கில் 15 ஜிபி இடம் இருக்கிறது. ஓர் ஊராட்சியின் குளங்களுக்கு அது தாராளம்.

இனி, சண்டைக்கு வருகிறேன். கணினியில் ஷீட்ஸைத் திறந்து, ஒரு கட்டத்தின்மேல் வலது பொத்தானை அழுத்தி 'எடிட் ஹிஸ்டரி' பார்த்தால், அந்தக் கட்டத்தை யார், எப்போது, எதிலிருந்து எதற்கு மாற்றினார் என்று காட்டும். முழு அட்டவணையையும் பழைய தேதிக்குத் திருப்பவும் முடியும். கடைசியாக எழுதியது நிற்கும் என்று மேலே சொன்னேன் அல்லவா, நின்றாலும் முந்தையது அழிந்துபோவதில்லை. ஆனால் இது வேலை செய்ய வேண்டுமென்றால் ஒவ்வொருவரும் தங்கள் சொந்தக் கணக்கில் நுழைய வேண்டும். நம் ஊரில் வழக்கம் என்னவென்றால், 'குழுவுக்கு ஒரு ஜிமெயில்' என்று ஒன்று தொடங்கி, கடவுச்சொல்லை வாட்ஸ்அப்பிலேயே போட்டுவிடுவார்கள். அப்புறம் 12 பேர் செய்ததும் ஒரே பெயரில் பதிவாகும். யார் மாற்றினார் என்று கேட்டால் 'குழு மாற்றியது' என்று பதில் வரும்.

வரலாறு யார் மாற்றினார் என்று சொல்லும், ஏன் மாற்றினார் என்று சொல்லாது. அந்த 0.85 விஷயத்தில் வரலாற்றைக் காட்டியிருந்தால் சண்டை இன்னும் பெரிதாகியிருக்கும். 'பார்த்தீங்களா, அவன் பேரே இருக்கு' என்றிருப்பார்கள். அதனால் பரப்புக்குப் பக்கத்தில் 'ஆதாரம்' என்று ஒரு கட்டம் கட்டாயம் வையுங்கள். 'அ பதிவேடு', 'டேப்பால் அளந்தது', 'பெரியவர் சொன்னது', இப்படி. பதிவேட்டுப் பரப்பும் அளந்த பரப்பும் வேறுபட்டால் ஒன்றை அழித்து மற்றதை எழுதக் கூடாது, இரண்டுக்கும் தனித்தனிக் கட்டம். உங்கள் மனுவுக்கு அந்த வித்தியாசம்தான் சரக்கு. சந்தேகம் இருந்தால் எண்ணைத் தொடாமல், கட்டத்தில் கமென்ட் போட்டுக் கேட்க வேண்டும். ஏக்கரில் பார்த்துப் பழகியவர்களுக்காக இன்னொரு கட்டத்தில் 2.471 ஆல் பெருக்கும் சூத்திரத்தைப் போட்டுவிடுங்கள். அது தானாகவே காட்டும், யாரும் அதில் எழுத வேண்டாம்.

ஒரு எச்சரிக்கை. ஆக்கிரமிப்பு என்று சந்தேகம் வரும் இடத்தில் யார் பெயரையும் எழுதாதீர்கள். பதிவேட்டுப் பரப்பு, அளந்த பரப்பு, படம், தேதி, அவ்வளவு போதும். யாருடைய தோப்பு என்று கண்டுபிடிப்பது தாசில்தார் அலுவலகத்தின் வேலை. அட்டவணையை 'இணைப்பு உள்ள எவரும் திருத்தலாம்' என்று திறந்துபோடுவதும் ஆபத்து. ஒரு இணைப்பு எத்தனை குழுவுக்குப் போகும் என்று உங்களுக்கே தெரியும். திருத்தும் உரிமை நாலைந்து பேருக்கு, கமென்ட் போடும் உரிமை மற்றவர்களுக்கு, ஊருக்குப் பார்க்கும் உரிமை மட்டும். பதிவு நீங்கள் தொடங்கிய கணக்கில் இருக்கட்டும், இன்னொருவரையும் முழு உரிமையோடு சேர்த்து வையுங்கள். ஒரு பையனைத் தொடங்கச் சொல்லி, அவன் வெளிநாடு போய்க் கடவுச்சொல்லை மறந்தால் எல்லாம் போச்சு. இரண்டு வருடம் யாரும் நுழையாத கணக்குகளை கூகுள் நீக்கிவிடக்கூடும் என்பதையும் நினைவில் வைத்து, மாதம் ஒருமுறை ஒரு நகலை இறக்கி வைத்துக்கொள்ளுங்கள்.

வளைகுடாக்காரர்களை 'பார்த்துக்கொண்டு மட்டும் இருங்கள்' என்று விடாதீர்கள். குளத்தில் இறங்க அவர்களால் முடியாது. ஆனால் நில ஆவண இணையதளத்திலிருந்து புலப்படங்களை (நில எல்லைகளைக் காட்டும் அளவைப் படங்களை) எடுப்பது, பதிவேட்டோடு எண்களை ஒப்பிடுவது எல்லாம் எங்கிருந்தும் செய்யக்கூடிய வேலை. கூகுள் எர்த்தில் பழைய ஆண்டுகளின் செயற்கைக்கோள் படங்களைத் திருப்பிப் பார்த்து, முன்பு நீர் எதுவரை நின்றது என்றும் அவர்கள் தேடலாம். ஊரில் இருப்பவர் அளக்கட்டும், வெளியில் இருப்பவர் சரிபார்க்கட்டும். மதுரைத் திட்டத்தில் ஒருவர் தட்டச்சு, ஒருவர் மெய்ப்பு என்றிருந்த அதே கணக்கு.

போனில் தட்டத் தெரியாத பெரியவர்களை அட்டவணைக்குள் இழுக்க வேண்டாம். எந்தக் குளம் எந்த வருடம் நிரம்பி மறுகால் பாய்ந்தது, எந்த மடையை யார் கட்டினார் என்பதெல்லாம் அவர்களிடம்தான் இருக்கிறது. அவர்கள் குரல் சேதியே அனுப்பட்டும். அதைக் கேட்டு எழுத ஒரு கல்லூரிப் பிள்ளையை நியமித்துவிடுங்கள். 'ஆதாரம்' கட்டத்தில் அந்தப் பெரியவர் சொன்னது என்று வந்துவிட்டால், அவரும் குழுவில் ஒருவர்தான்.

60,000 ரூபாய் ஆப்? கொடுக்காதீர்கள். செய்து தருபவரைக் குறை சொல்லவில்லை. நாளைக்கு ஒரு கட்டம் கூட்ட வேண்டுமென்றாலும் அவரைத்தான் தேடிப் போக வேண்டும், அதற்காகச் சொல்கிறேன். சிக்னல் இல்லாத மலையோரப் பகுதிகளில் நிறையப் பேர் அளக்கப் போகிறார்கள் என்றால் ஓடிகே கலெக்ட் என்று இலவசச் செயலி இருக்கிறது. கேள்விகளைத் தமிழிலேயே வைக்கலாம், போனிலேயே சேமித்து வைத்துக்கொண்டு சிக்னல் வந்ததும் அனுப்பும். உங்கள் ஊராட்சிக்கு அதுகூடத் தேவைப்படாது. ஷீட்ஸ் போதும். அந்த 60,000-ஐ ஒரு நல்ல அளவை டேப்புக்கும், அளக்கப் போகிற பிள்ளைகளுக்கு டீ, வடைக்கும் வைத்துக்கொண்டால் நிறைய மிஞ்சும்.

ஒன்பது கோப்புகளையும் ஒன்றாக்க முயலாதீர்கள். காலியான புதிய அட்டவணையில் முதலில் ஐந்தே ஐந்து குளத்தை மட்டும் ஏற்றிப் பாருங்கள். அந்த 0.85 குளமும் அதில் ஒன்றாக இருக்கட்டும். இரண்டு வாரம் போனால் எந்தக் கட்டம் வீண், எது விட்டுப்போனது என்று தெரிந்துவிடும். பிறகு மற்றவற்றை ஏற்றலாம். வடகிழக்குப் பருவமழைக்கு முன்னால் மடைகளைப் படம் எடுத்துவிடுங்கள், குளம் நிரம்பிவிட்டால் மடை கண்ணுக்குத் தெரியாது.

பட்டாளத்துக்காரரிடம் இந்த ஹெக்டேர் கணக்கைக் குழுவில் போட்டுப் புரியவைக்க வேண்டாம், டீச்சர். 12 பேர் பார்க்க அவர் தோற்றுப்போக மாட்டார். ஒரு தாளில் 0.85, 2.471, 2.10 என்று எழுதிக்கொண்டு சாயங்காலம் அவர் வீட்டுக்கு நடந்து போங்கள். மீண்டும் குழுவில் சேரச் சொல்லும்போது, பரப்பு அளக்கும் பொறுப்பை அவரிடமே கொடுத்துவிட்டு வாருங்கள்.